நாலு எல்லைக்கு நடுவில் ஒரு ஆள்: தன்னையும் சேர்த்து எடுக்கும் ஆவணப்படம்

வீட்டில் பழைய கிரயப் பத்திரம் ஏதாவது இருந்தால் எடுத்துக் கடைசிப் பக்கத்தைப் பாருங்கள். எழுதிக் கொடுத்தவர் கையெழுத்து இருக்கும். சாட்சிகள் இரண்டு பேர் இருப்பார்கள். அதற்கும் கீழே பொடி எழுத்தில், பத்திரத்தைத் தயாரித்தவரின் பெயரும் உரிம எண்ணும் இருக்கும். நிலம் அவருடையதில்லை, கைமாறிய பணமும் அவருடையதில்லை. ஆனாலும் இந்தத் தாளில் உள்ள சொற்களை ஒரு ஆள் உட்கார்ந்து எழுதினார், அவர் இன்னார் என்று ஆவணமே சொல்லிவிடுகிறது.

ஆவணப்படம் என்று பொருத்தமாகத்தான் தமிழில் பெயர் வைத்தோம். ஆனால் நாம் பார்த்து வளர்ந்த ஆவணப்படங்களில் இந்தக் கடைசி வரி மட்டும் விடுபட்டிருக்கும். 'இயக்கம்: இன்னார்' என்று டைட்டிலில் பெயர் போடுவது வேறு. நான் சொல்வது, படத்துக்குள்ளேயே அந்த ஆள் தெரிவது. அவருடைய நிழல், குரல், தடுமாற்றம், அங்கே அவருக்கு என்ன வேலை என்ற கேள்வி, எல்லாம்தான். ஓவியர்கள் கண்ணாடியைப் பார்த்துத் தங்களையே வரைந்துகொண்ட படத்தைத் தன்னுருவப் படம் என்கிறோம். அந்தப் பழக்கம் கேமராவுக்கும் வந்து, ஊரைப் படமெடுக்கும் வேலையோடு கலந்தால் என்ன கிடைக்குமோ, அதுதான் இந்தக் கட்டுரையின் விஷயம்.

பத்திரத்தில் இன்னொரு பகுதியும் நமக்கு வேண்டும். செக்குபந்தி. "ஓடைக்குத் தெற்கு, வண்டிப்பாதைக்கு வடக்கு, இன்னார் கொல்லைக்குக் கிழக்கு, புளியமரத்துக்கு மேற்கு, இதன் மத்தியில் உள்ள பூமி" என்று எழுதியிருப்பார்கள். அந்த நிலம் எப்படி இருக்கும் என்று ஒரு வார்த்தைகூட இருக்காது. சுற்றி என்ன இருக்கிறது என்பதைச் சொல்லி முடித்தால், நடுவில் இருப்பது தானாகக் கிடைத்துவிடும். நல்ல தன்னுருவ ஆவணப்படங்களில் பெரும்பாலானவை இப்படி எடுக்கப்பட்டவைதான். இயக்குநர் தன் முகத்தைக் காட்டாமல் தன்னுடைய நாலு எல்லையைக் காட்டுகிறார்.

முதலில் பழைய வகையைப் பார்த்துவிடலாம்.

என் அப்பா தலைமுறைக்கு ஆவணப்படம் என்றால் தியேட்டரில் படத்துக்கு முன்னால் போடும் நியூஸ் ரீல். 1948-ல் தொடங்கப்பட்ட ஃபிலிம்ஸ் டிவிஷன் அவற்றை எடுத்தது, தியேட்டர்காரர்கள் அவற்றைக் கட்டாயம் போட வேண்டியிருந்தது. வெள்ளம், அணைக்கட்டு, அமைச்சர், நாற்று நடும் பெண்கள், இவை எல்லாவற்றின் மேலும் ஒரே கனத்த குரல். அந்தக் குரலுக்கு முகம் கிடையாது, ஊர் கிடையாது, சந்தேகமும் கிடையாது. நம் புராணங்களில் இதற்கு ஒரு நல்ல சொல் இருக்கிறது: அசரீரி. உடம்பில்லாத குரல். அசரீரி சொன்னால் யாரும் எதிர்க்கேள்வி கேட்க முடியாது. கேட்டால் யாரைப் பார்த்துக் கேட்பது?

இந்த மறைவு ஆவணப்படத்தோடு கூடவே பிறந்தது. ராபர்ட் ஃபிளாஹர்ட்டி கனடாவின் வடகோடிப் பனிப் பிரதேசத்தில் எடுத்து 1922-ல் வெளியிட்ட 'நானூக்', முழுநீள ஆவணப்படங்களில் முதலில் பேர் வாங்கியது. அதில் ஒரு குடும்பம் பனிக்கட்டி வீட்டுக்குள் தூங்கி எழும் காட்சி வரும். உண்மையான பனி வீட்டுக்குள் கேமராவுக்கு இடமும் இல்லை, வெளிச்சமும் பத்தாது. அதனால் பாதி வீட்டை மட்டும் கட்டி, மீதியைத் திறந்து வைத்து எடுத்தார்கள். அந்தக் குளிரில் அந்தக் குடும்பம் கூரையில்லாத பாதி வீட்டில் படுத்து எழுந்து நடித்தது. படத்தின் நாயகனை நானூக் என்று அழைத்ததும் அந்த மனிதருடைய நிஜப் பெயரில் இல்லை. படத்தைக் குறை சொல்வதற்காக இதைச் சொல்லவில்லை, இன்றைக்கும் அது பார்க்க அழகான படம்தான். ஆனால் வெட்டி எடுக்கப்பட்ட அந்தப் பாதிச் சுவர் இருந்த இடத்தில்தான் கேமரா நின்றது. பார்வையாளர் பார்க்கக் கூடாத ஒரே இடம் அது.

நானும் அந்த இடத்தில் நின்றிருக்கிறேன். பாலக்கோடு பக்கம் எங்கள் ஊரில் மாசி, பங்குனி வந்தால் திண்ணைக்குத் திண்ணை புளி குவிந்திருக்கும். ஓட்டை உடைத்து, நாரை உரித்து, கொட்டையை எடுத்து, கிலோவுக்கு இவ்வளவு என்று கூலி. என் அத்தை பல வருடமாக அந்த வேலை செய்கிறார். சில வருடங்களுக்கு முன் அதை செல்போனில் ஏழு நிமிடப் படமாக எடுத்தேன். தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களில் புளிக்கு உள்ள இடம், உரிகம் புளியின் பெருமை, பெண்களின் உழைப்பு என்று நானே குரலைக் கனமாக்கிக்கொண்டு பேசினேன். பார்த்தவர்கள் எல்லோரும் நல்லா இருக்கு என்றார்கள். டிவியில் வருகிற மாதிரியே இருக்கு என்றார்கள். அதுதான் பிரச்சினை என்று எனக்கு அப்போது தெரியவில்லை.

எடுக்கும்போது அத்தை தலை நிமிராமல் ஒரு கேள்வி கேட்டார்: "ஏன் கண்ணு, இத புடிச்சுக் குடுத்தா உனக்கு எவ்ளோ குடுப்பாங்க?" நான் பதில் சொல்லவில்லை. எடிட்டிங்கில் அந்த இடத்தை வெட்டிவிட்டேன். இரைச்சல் என்று நினைத்தேன்.

அந்த வெட்டை எனக்கு உறுத்த வைத்தவர் பிரான்ஸில் வாழ்ந்த ஒரு பாட்டி. ஆக்னஸ் வார்தா. 1928-ல் பெல்ஜியத்தில் பிறந்து, புகைப்படக்காரராகத் தொடங்கி, 1955-ல் முதல் படத்தை வெளியிட்டு, 2019-ல் இறக்கும் வரை பெரிய கம்பெனிகளைச் சாராமல் தன் வழியில் படம் எடுத்துக்கொண்டிருந்தவர். 2000-ல், 72 வயதில், அவர் வெளியிட்ட ஆவணப்படத்தின் பிரெஞ்சுத் தலைப்பை அப்படியே தமிழில் சொன்னால் 'பொறுக்குகிறவர்களும் பொறுக்குகிறவளும்'. அறுவடை முடிந்த வயலில் சிந்திக் கிடப்பதைப் பொறுக்கிக்கொள்கிறவர்களைப் பற்றிய படம். தலைப்பின் இரண்டாம் பாதியில் இருக்கும் அந்த ஒருமைப் பெண் யார் என்றால், அவரேதான்.

எங்கள் ஊர்க்காரர்களுக்கு அந்த வேலையை விளக்க வேண்டியதில்லை. கடலைக்கொடி பிடுங்கிக் காய் ஆய்ந்து முடித்த கொல்லையில் மறுநாள் நாங்கள் களைக்கொத்தோடு இறங்குவோம். ஒரு மழை பெய்தால் இன்னும் நல்லது, மண்ணுக்குள் தங்கிய காய் தலைகாட்டும். கொல்லைக்காரர் பார்த்தாலும் பெரும்பாலும் ஒன்றும் சொல்ல மாட்டார். பிரான்ஸில் இதற்குச் சட்டமே உண்டு. 1554-ல் போட்ட ஓர் அரசாணை, அறுவடைக்குப் பிறகு ஏழைகள் வயலில் பொறுக்கிக்கொள்ள உரிமை தந்தது. படத்தில் கறுப்பு அங்கி போட்ட ஒரு வழக்கறிஞர் வயலுக்கு நடுவில் நின்று சட்டப் புத்தகத்தைப் பிரித்து வைத்துக்கொண்டு இதை விளக்குவார். நீதிமன்றத்தில் எடுத்திருந்தால் மறந்திருப்போம். வயலில் நிற்பதால் சிரிப்பும் வருகிறது, சட்டமும் மனதில் நிற்கிறது.

ஒன்றைக் கவனியுங்கள். தமிழில் 'பொறுக்கி' என்றால் வசை. அதே செயலைக் குறிக்கும் 'உஞ்சவிருத்தி' என்றால் கும்பிடுவார்கள். சிந்திய தானியத்தைப் பொறுக்கிப் பிழைப்பது என்பதுதான் அதற்கும் மூலப் பொருள். வார்தா தன்னைக் கூப்பிட்டுக்கொண்டது முதல் சொல்லால். அதுவே அந்தப் படத்தின் துணிச்சல் என்று நினைக்கிறேன்.

ஏன் அப்படிக் கூப்பிட்டுக்கொள்கிறார்? அவருக்கு அப்போது புதிதாக வந்திருந்த சின்ன டிஜிட்டல் கேமரா கிடைக்கிறது. ஒரு கையில் பிடித்துக்கொண்டு நடக்கலாம். கண்ணில் படுகிற காட்சியை எல்லாம் எடுத்துப் போட்டுக்கொள்ளலாம். வயலில் கிடப்பதை அவர்கள் பொறுக்குகிறார்கள், நான் காட்சிகளைப் பொறுக்குகிறேன், வேலை ஒன்றுதான் என்கிறார். இந்த ஒப்பீடு வெறும் வார்த்தையாக நின்றிருந்தால் எரிச்சல் வரும். பசிக்குப் பொறுக்குவதும் படத்துக்குப் பொறுக்குவதும் ஒன்றாகுமா? அது அவருக்கும் தெரியும். அதனால்தான் படம் முழுக்க அந்த இரண்டுக்கும் இடையே உள்ள தூரத்தை அளந்துகொண்டே போகிறார்.

உருளைக்கிழங்குக் காட்சி அதற்கு நல்ல உதாரணம். மிகப் பெரியது, கோணலானது, வெட்டுப்பட்டது எல்லாம் கடைக்கு ஆகாது என்று லாரி லாரியாகக் கொண்டுவந்து வயலில் கொட்டுகிறார்கள். எங்களுக்கு இந்தக் காட்சி தக்காளியில் பழக்கம். விலை விழுந்த நாட்களில் பாலக்கோட்டிலும் ராயக்கோட்டையிலும் பறிகூலிக்குக்கூடக் கட்டாது என்று சாலையோரம் கொட்டிவிட்டுப் போவார்கள். மாடு தின்னும், வெயிலில் ஒரு புளித்த வாடை வரும். நம் டிவி செய்தியில் அது ஒரு நிமிடம் காட்டப்படும், ஒரு விவசாயி அழுவார், அடுத்த செய்தி. வார்தா அந்தக் குவியலில் இறங்கித் தேடுகிறார். இதய வடிவத்தில் ஒரு கிழங்கு கிடைக்கிறது. சின்னப் பிள்ளை மாதிரிச் சந்தோஷப்பட்டு, அந்த மாதிரிக் கிழங்குகளை வீட்டுக்கு எடுத்துப்போகிறார். ஒரு கையால் கிழங்கை எடுத்துக்கொண்டே மறு கையால் படம் பிடிக்கிறார். கிழங்குகள் அவர் வீட்டில் சுருங்கிப்போய் முளைவிடுகின்றன. அதையும் எடுக்கிறார்.

அந்த முளைவிட்ட தோலிலிருந்து அவருடைய கைக்கு ஒரு சின்னத் தூரம்தான். ஜப்பான் பயணத்திலிருந்து திரும்பிப் பெட்டியைப் பிரிக்கும் காட்சியில், அங்கே வாங்கிய ரெம்பிராண்ட் ஓவிய அஞ்சலட்டைகளை எடுத்துப் பார்க்கிறார். ரெம்பிராண்ட் வாழ்நாள் முழுக்கத் தன் முகத்தையே திரும்பத் திரும்ப வரைந்தவர். அட்டைக்கு மேல் இருக்கும் தன் கைக்கு கேமராவைக் கொண்டுபோகிறார் வார்தா. மிக அருகில். சுருக்கம், கரும்புள்ளி, புடைத்த நரம்பு. ஒரு கையை இன்னொரு கையால் படமெடுப்பதுதான் என் திட்டம் என்கிறார். தன் கை தனக்கே தெரியாத ஏதோ ஒரு பிராணி போலிருக்கிறது என்கிறார். முகத்தைக் காட்டி 'எனக்கு வயசாகிவிட்டது' என்று பேசியிருந்தால் நாம் பரிதாபப்பட்டிருப்போம். கையைக் காட்டியதும் நம் கையைத் திருப்பிப் பார்த்துக்கொள்கிறோம்.

இன்னும் சில எல்லைக்கற்களை அங்கங்கே நட்டு வைக்கிறார். தெருவில் யாரோ தூக்கிப்போட்ட, முள் இல்லாத கடிகாரத்தை எடுத்து வந்து வீட்டில் வைக்கிறார், நேரம் போவது தெரியாது, எனக்கு அதுதான் வேண்டும் என்று. மழை ஒழுகிக் கறை படிந்த தன் வீட்டுக் கூரையை நவீன ஓவியம் மாதிரி சட்டம் போட்டுக் காட்டுகிறார். நெடுஞ்சாலையில் போகும்போது லாரிகளைத் தன் விரல் வளையத்துக்குள் பிடித்துப் பிடித்து விளையாடுகிறார். தொப்பூர் கணவாயில் பஸ் ஜன்னலோரம் உட்கார்ந்த எந்தப் பிள்ளையும் செய்கிற விளையாட்டு. ஒரு தடவை கேமராவை அணைக்க மறந்து தொங்கவிட்டு நடந்திருக்கிறார், லென்ஸ் மூடி கயிற்றில் ஆடியபடியே பதிவாகிவிட்டது. நாமாக இருந்தால் அழித்திருப்போம். அவர் அதற்கு இசை போட்டு மூடியின் நடனமாகப் படத்தில் வைத்துவிட்டார். பொறுக்குகிறவள் என்று பெயர் வைத்துக்கொண்டால் சிந்தியதைத் தள்ள முடியாது அல்லவா.

இதனால் எல்லாம் மற்றவர்கள் மறைந்துபோனார்களா? இல்லை. பாரிஸ் சந்தை கலைந்தபின் தரையில் கிடப்பதை எடுத்து அங்கேயே தின்னும் ஒருவரைப் பார்க்கிறார். பேச்சுக் கொடுத்தால், அவர் உயிரியலில் முதுகலை படித்தவர், மாலையில் தன் விடுதியில் ஆப்பிரிக்காவிலிருந்து வந்த தொழிலாளர்களுக்குச் சம்பளம் வாங்காமல் பிரெஞ்சு சொல்லிக்கொடுக்கிறார். படத்தில் என் மனதில் கடைசியாக நின்றவர் அவர்தான், வார்தா இல்லை. இயக்குநர் தன்னைக் காட்டினால் மற்றவர் சிறுத்துவிடுவார் என்ற பயத்துக்கு இதுவே பதில்.

சரி, எனக்கு மிகவும் பிடித்த சங்கதி படத்துக்கு வெளியில் நடந்தது. படத்தைப் பார்த்தவர்கள் நிறையக் கடிதம் எழுத, 2002-ல் அந்த ஆட்களை எல்லாம் திரும்பப் போய்ப் பார்த்து இன்னொரு படம் எடுத்தார். அதில் ஒரு விஷயத்தை ஒப்புக்கொள்கிறார். அவருடைய கணவர் ஜாக் தெமி, அவரும் இயக்குநர், 1990-ல் நோயில் இறந்தார். கடைசி நாட்களில் அவருடைய தோலையும் முடியையும் கையையும் வார்தா மிக அருகில் போய்ப் படமெடுத்திருந்தார். பத்து வருடம் கழித்துத் தன் கையை எடுத்தபோது அதே மாதிரிதான் எடுத்திருக்கிறார். இன்னொருவர் சுட்டிக்காட்டும் வரை அது அவருக்கே தெரியாது. தன்னுருவம் என்று எடுத்ததில் ஓர் எல்லை அவர் அறியாமலே கணவராக இருந்திருக்கிறது.

2008-ல் எண்பதாவது பிறந்தநாளை ஒட்டி வார்தா எடுத்த கடற்கரைகள் பற்றிய சுயசரிதைப் படத்தில், மனிதர்களைத் திறந்து பார்த்தால் உள்ளே நிலக்காட்சி இருக்கும், என்னைத் திறந்தால் கடற்கரை இருக்கும் என்கிற பொருளில் தொடங்குவார். கேட்டதும் புதுமை என்று பலரும் சிலிர்த்தார்கள். குறிஞ்சி, முல்லை, நெய்தல் என்று நிலத்தைச் சொல்லி மனதைச் சொல்லும் வித்தை நம்மிடம் இரண்டாயிரம் வருடமாக இருக்கிறது. ஒரு வேறுபாடு மட்டும்: நம் அகப்பாடல்களில் யாருடைய பெயரும் வரக்கூடாது. வார்தா பெயரோடு வருகிறார்.

முகம், கை எதுவுமே இல்லாமலும் தன்னுருவம் வரும் என்பதற்கு ஷாந்தல் அக்கர்மானைச் சொல்ல வேண்டும். இவரும் பெல்ஜியத்தில் பிறந்தவர். இருபத்தொரு வயதில் நியூயார்க் போய்த் தங்கியபோது அம்மா பிரஸ்ஸல்ஸிலிருந்து கடிதம் கடிதமாக எழுதுவார். உடம்பைப் பார்த்துக்கொள், ஏன் பதில் போடவில்லை, கடையில் வியாபாரம் இல்லை, இன்னாருக்கு நிச்சயதார்த்தம். சில வருடம் கழித்துத் திரும்பப் போய் நியூயார்க்கின் தெருக்களையும் சுரங்க ரயிலையும் அசையாமல் நின்று எடுத்து, அந்தக் கடிதங்களைத் தன் குரலிலேயே தட்டையாகப் படித்துச் சேர்த்தார். 1970-களின் நடுவில் வந்த படம். ரயில் சத்தம் வரும்போது கடிதம் கேட்காது. அவ்வளவுதான் படம். அக்கர்மான் ஒரு தடவைகூட முகம் காட்டுவதில்லை, பதில் கடிதம் ஒன்றையும் படிப்பதில்லை. ஆனால் அம்மாவின் புலம்பலுக்கும் இந்த ஊரின் இரைச்சலுக்கும் நடுவே ஒரு பெண் நின்றுகொண்டிருப்பது நமக்குத் தெரியும்.

இதை நம் ஊரில் எடுக்க என்ன வேண்டும் என்று யோசித்துப் பாருங்கள். பென்னாகரத்திலிருந்தும் அரூரிலிருந்தும் பெங்களூருக்குக் கட்டட வேலைக்கும் கம்பெனி வேலைக்கும் போனவர்கள் எத்தனை பேர். ஒவ்வொருவர் போனிலும் அம்மாவின் வாட்ஸ்அப் குரல் பதிவுகள் கிடக்கின்றன. "சாப்ட்டியா கண்ணு... வெள்ளாடு ரெண்டு குட்டி போட்டுருக்குது... உங்கப்பா மருந்து வாங்கலன்னு சண்ட புடிக்கிறாரு... வெள்ளிக்கெழம வருவியா, வந்தா களி கிண்டறேன்." இதைப் பின்னால் ஓடவிட்டு, பெங்களூர் சில்க் போர்டு சிக்னலில் பைக்குகள் நகராமல் நிற்பதை மூன்று நிமிடம் வெட்டாமல் காட்டினால் போதும். ஹாரன் சத்தத்தில் 'வெள்ளிக்கிழமை' என்ற சொல் மட்டும் கேட்காமல் போனால் இன்னும் நல்லது. யாராவது எடுங்கள், நான் பார்க்கக் காத்திருக்கிறேன்.

இன்னும் இரண்டு பேரை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். அமெரிக்காவின் ராஸ் மெக்எல்வீ, உள்நாட்டுப் போரில் ஷெர்மன் என்ற தளபதி தென்மாநிலங்களை எரித்துக்கொண்டு போன பாதையைப் படமெடுக்க நிதி வாங்கிக்கொண்டு கிளம்பினார். கிளம்புகிற நேரத்தில் காதலி விட்டுப் போய்விட்டார். தளபதி ஒரு பக்கம் இருக்க, வழியெங்கும் பார்த்த பெண்களிடம் பேசியதே படமாகிவிட்டது. 1986-ல் வந்தது, சிரிக்காமல் பார்க்க முடியாது. லித்துவேனியாவிலிருந்து அகதியாக 1949-ல் நியூயார்க் வந்த ஜோனாஸ் மேக்காஸ், வந்த சில வாரங்களில் கடன் வாங்கி ஒரு போலெக்ஸ் கேமரா வாங்கி, எழுபது வருடம் நாட்குறிப்பு எழுதுவது போலவே எடுத்துக்கொண்டிருந்தார். 2000-ல் வெளியிட்ட ஒரு படம் கிட்டத்தட்ட ஐந்து மணி நேரம் ஓடும். முழுக்கக் குடும்பம், நண்பர்கள், பனி, பூனை, ஜன்னல். அதை ஒரே மூச்சில் பார்த்தேன் என்று பொய் சொல்ல மாட்டேன்.

"அப்படின்னா வ்லாக் எடுக்கிறவங்களும் இதத்தானே செய்றாங்க?" என்று என் மாமன் மகன் கேட்டான். நியாயமான கேள்வி. ஒகேனக்கல்லில் எடுத்த வ்லாக் ஒன்றைப் பார்த்தோம். நடுவில் முகம், பின்னால் அருவி. முகம் ஒரு நிமிடம்கூட விலகவில்லை. அருவியின் இடத்தில் மேட்டூர் அணையை வைத்தாலும் அந்தப் பேச்சு மாறாது. செக்குபந்தி இல்லாத பத்திரம் மாதிரி: 'இது என்னுடையது' என்று மட்டும் எழுதியிருக்கிறது, எது என்று தெரியாது. வ்லாக் எல்லாம் மட்டம் என்று சொல்லவில்லை. பரிசலோட்டியிடம் பேரம் பேசித் தோற்றதை வெட்டாமல் வைத்திருந்தால் அந்த வீடியோவே வேறாகியிருக்கும்.

மறுபக்கமும் உண்டு. திரைப்பட விழாக்களில் 'நான்' படங்கள் இப்போது பெருகிவிட்டன. தாத்தா வீடு, பழைய ஆல்பம், மெல்லிய இசை, தழுதழுத்த குரல். பத்து நிமிடத்தில் நமக்குக் கைபேசியைப் பார்க்கத் தோன்றும். நான் வைத்திருக்கும் சோதனை ஒன்றுதான்: இயக்குநர் தன்னைக் காட்டுவதால் அவருக்கு ஏதாவது சங்கடம் வந்ததா? வரவில்லை என்றால் அது பாஸ்போர்ட் போட்டோ.

சங்கடம் வந்த இந்தியப் படம் ஒன்று சொல்கிறேன். நிஷ்டா ஜெயின் 2007-ல் மும்பையில் தன் வீட்டில் வேலை செய்யும் இளம்பெண்ணைப் பற்றி எடுத்த படம். தலைப்பிலேயே அந்தப் பெண்ணின் பெயரோடு 'நானும்' என்று சேர்த்திருப்பார். வீட்டுவேலை செய்பவர்களின் நிலை என்று அசரீரிப் படம் எடுப்பது சுலபம். சம்பளம் கொடுக்கும் முதலாளியே கேமராவையும் பிடித்திருக்கிறார் என்று காட்டிக்கொண்டு எடுப்பது சுலபமில்லை. சென்னையில் இருந்து இயங்கும் ஆர்.வி.ரமணி புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்தவர். கேமராவைத் தானே பிடித்து, எதிரில் இருப்பவரோடு பேசிக்கொண்டே எடுப்பார். 2003-ல் தோல்பாவைக் கூத்துக் கலைஞர்களைத் தேடிப்போய் எடுத்தார். 2004 சுனாமியில் தன் கேமரா பறிபோனதை வைத்து, தனக்கும் அந்தக் கேமராவுக்கும் இருந்த உறவைப் பற்றியே 2011-ல் ஒரு படம் முடித்தார். எடுக்கும் கருவிக்குக்கூட ஒரு செக்குபந்தி.

இவர்களுக்கு எல்லாம் வெகு முன்னால், ஏ.கே.செட்டியார் காந்தியைப் பற்றிய படச்சுருள்களை நாடு நாடாகத் தேடிச் சேர்த்து 1940-ல் ஆவணப்படமாக வெளியிட்டார். தேடிய கதையை, அலைந்த அலைச்சலை, பின்னால் கட்டுரைகளாகத் தனியே எழுதினார். அந்தக் காலத்து மரியாதை அது: படத்தில் காந்தி மட்டும், தேடியவர் தாளில். இன்று ஒருவர் அதே வேலையைச் செய்தால், கப்பல் தளத்தில் படப்பெட்டியோடு உட்கார்ந்திருக்கும் மெலிந்த செட்டியாரும் படத்துக்குள் வந்திருப்பார் என்று நினைத்துப் பார்ப்பதுண்டு.

புதிதாகத் தொடங்குகிறவர்களுக்குச் சொல்ல என்னிடம் பெரிய முறை எதுவும் இல்லை. அமெரிக்கப் பேராசிரியர் பில் நிக்கல்ஸ் ஆவணப்படங்களை ஆறு வகையாகப் பிரித்திருக்கிறார். படிக்கலாம், தேர்வு எழுத உதவும். அதைவிட, நீங்கள் படமெடுக்க நினைக்கும் இடத்துக்குப் போய், அங்கே உங்களை யாராக நினைக்கிறார்கள் என்று முதலில் பாருங்கள். மருமகனா, கடன் வசூலிக்க வந்தவனா, ரேஷன் கார்டு விஷயமாக வந்த ஆபீசரா? அவர்கள் உங்களைப் பார்க்கிற அந்தப் பார்வையே உங்கள் முதல் எல்லை. போனைக் கீழே வைக்கும்போது பதிவாகும் தரை, நீங்கள் கேட்ட முட்டாள்தனமான கேள்வி, எதிரில் இருப்பவர் உங்களைக் கேட்ட கேள்வி, இவற்றை உடனே அழிக்காமல் ஒரு வாரம் வைத்திருந்து பாருங்கள்.

அப்புறம் ஒரு எச்சரிக்கை. உங்களைப் பற்றி எடுக்கிறீர்கள் என்றாலும் படத்தில் வருவது அம்மா, தம்பி, பக்கத்து வீடு. அவர்கள் கையெழுத்துப் போடவில்லை. பாரிஸில் ழான் ரூஷும் எட்கார் மோரனும் எடுத்து 1961-ல் வெளியிட்ட படத்தில், எடுத்த காட்சிகளை அதில் வந்தவர்களுக்கே போட்டுக் காட்டி, அவர்கள் சண்டை போட்டதையும் கோபப்பட்டதையும் படமெடுத்துச் சேர்த்தார்கள். அது நல்ல பழக்கம். ஊருக்குக் காட்டுவதற்கு முன் வீட்டுக்குக் காட்டிவிடுங்கள். வேண்டாம் என்றால் வேண்டாம்தான்.

போன பங்குனியில் அத்தையை மறுபடி எடுத்தேன். இந்த முறை போனைப் புளிக்கூடையின் மேல் சாய்த்து வைத்துவிட்டு எதிரில் உட்கார்ந்து நானும் கொட்டை எடுத்தேன். பாதி நேரம் ஃபிரேமில் என் முழங்கால்தான் தெரிகிறது. அரை மணி நேரத்தில் விரல் இடுக்கெல்லாம் எரிய ஆரம்பித்துவிட்டது. எவ்வளவு கொடுப்பார்கள் என்ற அந்தப் பழைய கேள்விக்கு, ஒன்றும் கொடுக்க மாட்டார்கள் அத்தை, சும்மாதான் எடுக்கிறேன் என்றேன். அவர் நம்பவில்லை என்பது முகத்தில் தெரிகிறது. இரண்டு கைகள் இரண்டு குவியல் சேர்ப்பதுதான் மீதிப் படம். கடைசியில் அத்தை என் குவியலை இழுத்துத் தன் பக்கம் வைத்து, ஒவ்வொன்றாகப் புரட்டி, நான் விட்டுவைத்த நாரை உருவிக்கொண்டே சொல்கிறார்: "இத யாருடா எடைக்கு எடுப்பாங்க?"